வாய்தா இல்லாத தண்டனை: ஆயுள் கைதி பத்தி சீரியல் எழுதுறவருக்கு ஒரு பதில்

கேட்டிருந்தது இதுதான்: "எட்டு எபிசோடுல ஒரு வெப் சீரியல் எழுதிட்டு இருக்கேன். ஹீரோ ஒரு கொலை கேஸ்ல ஆயுள் தண்டனை வாங்கி 14 வருஷம் கழிச்சு வெளிய வர்றான். உள்ள இருக்கும்போதும் வந்தப்புறமும் மனசளவுல அவனுக்கும் குடும்பத்துக்கும் என்ன ஆகும்? நேர்ல பாத்தவங்க யாராவது சொல்லுங்க."

நான் கிரிமினல் பக்கம் வக்கீல், இருபது வருஷத்துக்கு மேல ஆச்சு, அதுல பாதி வருஷம் அப்பீலும் முன்விடுதலை மனுவுமாத்தான் போயிருக்கு. அதனால கொஞ்சம் நீளமாவே எழுதுறேன், பொறுமையா படிங்க.

முதல்ல உங்க கேள்வியிலயே ஒரு விஷயம் இடிக்குது. "14 வருஷம் கழிச்சு வெளிய வர்றான்"னு சாதாரணமா எழுதிட்டீங்க. அப்படி ஒரு சட்டம் கிடையாது. ஊர்ல எல்லாரும் ஆயுள்னா 14 வருஷம்னு சொல்றாங்க, என்கிட்ட கேஸ் குடுக்கிற கட்சிக்காரங்களே முதல் நாள் அப்படித்தான் நம்பிட்டு வர்றாங்க. வெள்ளைக்காரன் காலத்துல இதுக்கு தீவாந்திர தண்டனைன்னு பேரு, கப்பல்ல ஏத்தி அந்தமானுக்கு அனுப்புறது. 1956 ஜனவரி 1லருந்துதான் சட்டப் புத்தகத்துல அது ஆயுள் சிறைன்னு மாறிச்சு. அப்புறம் காந்தி கொலை வழக்குல ஆயுள் வாங்கின கோபால் கோட்சே, தண்டனைக் கழிவெல்லாம் (நல்லா நடந்துக்கிட்டதுக்கு குறைக்கிற நாட்கள்) சேத்தா நான் முடிச்சுட்டேன் என்ன விடுங்கன்னு சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனாரு, 1961ல கோர்ட் தெளிவா சொல்லிடுச்சு, ஆயுள்னா மிச்சம் இருக்கிற உயிர் முழுக்க, குறைக்கிறதும் விடுறதும் அரசாங்கத்தோட முடிவுன்னு. அப்ப இந்த 14 எங்கருந்து வந்துச்சுன்னா, 1978ல குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 433ஏ-ன்னு ஒரு பிரிவு சேத்தாங்க, தூக்கு குடுக்கக்கூடிய குற்றத்துக்கு ஆயுள் வாங்கினவன குறைஞ்சது 14 வருஷம் முழுசா உள்ள இருந்தாத்தான் விடுதலைக்கே பரிசீலிக்கணும்னு. 2024 ஜூலைலருந்து புது சட்டத்துல அதுவே 475-ஆவது பிரிவு. அதாவது 14ங்கிறது கீழ்வரம்பு. மேல்வரம்புன்னு ஒண்ணு கிடையவே கிடையாது. சில பேரு 20 வருஷம்னு சொல்லுவாங்க, அது தண்டனையில பாதி, கால்வாசின்னு கணக்குப் போடறதுக்கு வச்ச எண்ணு, அதுக்கும் விடுதலைக்கும் சம்பந்தமில்ல.

இத இவ்ளோ விலாவாரியா சொல்றதுக்குக் காரணம் சட்டம் சொல்லிக் குடுக்க இல்ல. நீங்க கேட்ட மனசு விஷயம் மொத்தமும் இந்த இடத்துலதான் கிடக்கு. பத்து வருஷம் தண்டனை வாங்கினவனுக்கு ஒரு மொத்தம் இருக்கு, அதுலருந்து தினம் ஒண்ணு கழிச்சுட்டு வரலாம், இன்னும் இவ்ளோதான்னு பொண்டாட்டிகிட்ட சொல்லலாம். ஆயுள் கைதிக்கு கழிக்கிறதுக்கு மொத்தமே கிடையாது. போன வருஷங்களக் கூட்டிட்டே போகலாம், அவ்ளோதான்.

என்னோட முதல் ஆயுள் கேஸ்ல ஹைகோர்ட் அப்பீல் தள்ளுபடி ஆன அன்னைக்கு நான் சின்னப் பொண்ணு, சீனியர் என்னையே போய் சொல்லிட்டு வரச் சொன்னாரு. தெக்குல ஒரு மத்திய சிறை. அந்தாளுக்கு அப்ப முப்பத்தஞ்சு வயசு இருக்கும். நான் தயங்கித் தயங்கி விஷயத்த சொன்னேன், அவரு அமைதியா கேட்டுட்டு, "சரிம்மா, அடுத்த வாய்தா எப்ப?"ன்னாரு. இனிமே வாய்தா இல்லைங்கன்னு சொன்னதுக்கப்புறம்தான் அவரு முகம் மாறிச்சு. விசாரணைக் கைதியா இருந்தப்ப 15 நாளைக்கு ஒரு தடவை வாய்தா, போலீஸ் வேன்ல ஏறி கோர்ட்டுக்குப் போறது, வழியில கடைத்தெரு தெரியும், கோர்ட் வாசல்ல பொண்டாட்டி பிள்ளைய ரெண்டு நிமிஷம் பாக்கலாம். எரிச்சலா இருந்த அந்த அலைச்சல்தான் அவருக்கு காலண்டரா இருந்திருக்கு. அது நின்னு போச்சு. உங்க சீரியல்ல ஒரு எபிசோடு முழுக்க இந்த ஒரு விஷயத்துக்கே குடுக்கலாம். அடி, உதை, ரவுடி கும்பல், சாப்பாட்டுத் தட்டுல சண்டைன்னு எல்லாரும் எடுத்தாச்சு. அதெல்லாம் நடக்கறதில்லன்னு சொல்லல. ஆனா ஆயுள் கைதியப் போட்டு அரிக்கிறது அது இல்ல.

காலவரிசையா யோசிச்சா இப்படி இருக்கும். முதல் நாலஞ்சு வருஷம் அப்பீல் நம்பிக்கையில ஓடும். "நான் இங்க தற்காலிகமாத்தான் இருக்கேன்"ங்கிற நெனப்பு, மத்த கைதிகளோட ஒட்ட மாட்டாங்க, படிக்க மாட்டாங்க, வேலை கத்துக்க மாட்டாங்க. தூக்கம் வராது, கோவம் வரும், இந்தக் காலகட்டம்தான் ரொம்ப ஆபத்தானது. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்துல பென் க்ரூங்கிற ஆய்வாளரும் அவரோட ரெண்டு பேரும் சேர்ந்து சின்ன வயசுலயே நீண்ட ஆயுள் தண்டனை வாங்கினவங்கள வச்சு ஒரு பெரிய ஆய்வு பண்ணாங்க, இங்கிலாந்து ஜெயில்கள்ல, அதுலயும் ஆரம்ப வருஷங்கள்தான் தாங்க முடியாததா இருக்குன்னு வந்துச்சு. நாள் ஆக ஆக மனுஷன் அதுக்குள்ள ஒரு வாழ்க்கைய எப்படியோ கட்டிக்கிறான். கேட்க ஆறுதலா இருக்கும். ஆனா அந்தக் கட்டிக்கிட்ட வாழ்க்கைக்கு ஒரு விலை இருக்கு, அத பின்னாடி சொல்றேன்.

அப்பீல் முடிஞ்சப்புறம் ஒண்ணு நடக்கும், இத நான் எந்த சினிமாவுலயும் சரியா பாத்ததில்ல. அதுவரைக்கும் அவன் "நான் செய்யல"ன்னுதான் சொல்லணும். கோர்ட்ல சொல்லணும், வக்கீல்கிட்ட சொல்லணும், அம்மாகிட்ட சொல்லணும், சொல்லிச் சொல்லி தனக்குத்தானேயும் சொல்லிக்கணும். கேஸ் முழுசா முடிஞ்சு சொல்றதுக்கு யாரும் இல்லாதப்பதான் செத்தவன் வருவான். ஏழாவது வருஷம், எட்டாவது வருஷம். ஒருத்தர் என்கிட்ட சொன்னாரு, "அம்மா, அவன் செத்தப்ப வயசு இருபத்தெட்டு, எனக்கு இப்ப நாப்பது, கனவுல வர்றப்ப அவன் இன்னும் அதே வயசுல வர்றான், என்ன அண்ணேன்னு கூப்பிடுறான்"னு. அதனால தயவு செஞ்சு உங்க ஹீரோவ நிரபராதி ஆக்காதீங்க. பாக்கறவங்களுக்கு பரிதாபம் வரணும்னு எல்லாரும் அதைத்தான் பண்றாங்க. நான் பாத்த ஆயுள் கைதிகள்ல முக்காவாசிப் பேரு செஞ்சவங்கதான், வரப்புத் தகராறு, குடி, சந்தேகம், அண்ணன் தம்பி சொத்துன்னு ஒரு நிமிஷத்துல கை நீட்டினவங்க. செஞ்ச மனுஷனோட வலிய காட்டுறதுதான் கஷ்டம், அதுதான் தேவையும் கூட.

செப்டம்பர் மாசத்த கதையில கண்டிப்பா வைங்க. நம்ம ஊரு ஜெயில்ல அது ஒரு தனி சீசன். செப்டம்பர் 15 அண்ணா பிறந்தநாளுக்கு ஆயுள் கைதிகள விடுற வழக்கம் இங்க உண்டு, அரசியல் சாசனத்தோட 161-ஆவது பிரிவுல மாநிலத்துக்கு தனியா அதிகாரம் இருக்கு, அத வச்சு 14 வருஷம் ஆகாதவங்களக்கூட விடலாம். 2008ல அண்ணா நூற்றாண்டுக்கு ஏழு வருஷம் முடிச்சவங்கன்னு ஆயிரத்துக்கும் மேல விட்டாங்க, 2018ல எம்ஜிஆர் நூற்றாண்டுக்கு பத்து வருஷம் முடிச்சவங்கன்னு வந்துச்சு. யார் யாருக்குப் பொருந்தும், எந்தப் பிரிவுல தண்டனை வாங்கினவங்களுக்குப் பொருந்தாதுன்னு ஒவ்வொரு தடவையும் நிபந்தனை மாறும். ஜூலை மாசமே பேச்சு ஆரம்பிச்சிடும், "இந்த வருஷம் பெரிய லிஸ்ட்டாம்"னு. வீட்ல சுவத்துக்கு வெள்ளையடிச்சு வச்ச ஒரு குடும்பத்த எனக்குத் தெரியும். லிஸ்ட்ல அவரு பேரு இல்ல. அதே கேஸ்ல ரெண்டாவது எதிரியா, அதாவது ரெண்டாவது குற்றவாளியா, இருந்தவரு வெளிய போனாரு, இவரு உள்ள. அடுத்த வருஷம் அந்த வீட்டம்மா எனக்கு போன் பண்ணவே இல்ல, நானா கூப்பிட்டப்ப "ஆசை காட்டாதீங்கம்மா"ன்னு மட்டும் சொல்லிட்டு வச்சிட்டாங்க.

லிஸ்ட்ல வராதவங்களுக்கு முன்விடுதலை மனு. நன்னடத்தை அலுவலர் ஊருக்குப் போய் விசாரிப்பாரு, இவன் வந்தா யாரு வச்சுக்குவா, தகராறு வருமான்னு. போலீஸ் ஒரு அறிக்கை தரும், அறிவுரைக் கழகம்னு ஒரு குழு பாக்கும், அப்புறம் ஃபைல் சென்னைக்குப் போகும். பதில் வர எவ்ளோ நாள்னு யாராலயும் சொல்ல முடியாது. மறுப்பு வந்தா ரெண்டு வரியில வரும். இந்த விசாரணையில செத்தவங்க வீட்டையும் கேப்பாங்க, அங்க போய்ப் பாத்தா அவங்களுக்கும் தேதி இல்லைங்கிறது தெரியும். ஒரே தெரு, எதுத்தாப்புல வீடு. புருஷனப் பறிகொடுத்த ஒரு அம்மா சொன்னது இன்னும் காதுல இருக்கு: "விடறதுன்னா விடுங்க, எம்புள்ளைங்க பாக்கற மாதிரி இந்தத் தெருவுல மட்டும் நடக்க வேணாம்." அந்த அம்மா குரலும் உங்க கதையில இருக்கணும்னு நான் ஆசைப்படுறேன்.

தேதி இல்லாத காத்திருப்புன்னா என்னன்னு தமிழ்நாட்டுல எல்லாருக்கும் தெரிஞ்ச உதாரணம் ராஜீவ் காந்தி கொலை வழக்குல இருந்த பேரறிவாளன். கொலைத் தீர்ப்பு சரியா தப்பாங்கிற வாதத்துக்குள்ள நான் இப்ப போகல, நாட்கள மட்டும் பாருங்க. 1991 ஜூன் 11 கைது, வயசு 19. 1998ல தூக்கு, 1999ல சுப்ரீம் கோர்ட் உறுதி பண்ணுது. கருணை மனு பதினோரு வருஷம் கிடப்புல கிடந்து 2011ல நிராகரிப்பு, செப்டம்பர் 9 தூக்குன்னு நாள் குறிக்கிறாங்க, பத்து நாளைக்கு முன்ன ஹைகோர்ட் தடை. 2014 பிப்ரவரி 18 தூக்கு ஆயுளா மாறுது. 2018 செப்டம்பர் 9, தூக்குக்கு குறிச்ச அதே தேதி, மாநில அமைச்சரவை விடுதலைக்கு பரிந்துரை பண்ணுது, அது ஆளுநர் மேசையில உக்காந்துடுது. 2022 மே 18 சுப்ரீம் கோர்ட்டே விடுவிக்குது. வயசு 50. நடுவுல அந்த மனுஷன் உள்ள இருந்தே பிளஸ் டூ எழுதி 1200க்கு 1096 வாங்கினாரு. வெளிய அவரோட அம்மா அற்புதம்மாள் கோர்ட், மேடை, மந்திரி வீடுன்னு முப்பது வருஷம் நடந்தாங்க. உள்ள இருந்தவருக்கு ஒரு தண்டனைன்னா, அந்த அம்மாவுக்கு யாரும் தீர்ப்பு எழுதாமலேயே அதே அளவு தண்டனை.

குடும்பம் பத்தி கேட்டீங்கல்ல. ஜெயில்ல போய் பாக்கறதுக்கு நம்ம பக்கம் "மனு பாக்கறது"ன்னு சொல்லுவாங்க, வசனத்துல அந்த வார்த்தையையே போடுங்க. மொத வருஷம் பொண்டாட்டி, அப்பா அம்மா, மச்சான், சித்தப்பான்னு ஆட்டோ பிடிச்சு வருவாங்க. ஒரு தடவை வரணும்னா ஒரு நாள் கூலி போச்சு, பஸ்சுக்கு, சாப்பாட்டுக்கு, பழம் பிஸ்கட்டுக்கு தனியா. மூணாவது வருஷம் மச்சான் நின்னுடுவாரு, அஞ்சாவது வருஷம் பிள்ளைங்க பரீட்சைன்னு நின்னுடும், பத்தாவது வருஷம் பாத்தா அம்மா மட்டும்தான் வந்துட்டு இருப்பாங்க, அதுவும் முட்டி வலியோட. அந்த அம்மா செத்தா மனு பாக்க ஆளே இல்ல. பேச்சும் சுருங்கிடும். "சாப்டியா", "ம்", "உடம்பு எப்படி இருக்கு", "இருக்கு". வெளிய நடக்கிற கஷ்டத்த அவங்க சொல்ல மாட்டாங்க, உள்ள நடக்கிறத இவன் சொல்ல மாட்டான், ரெண்டு பேரும் ஒருத்தர ஒருத்தர் காப்பாத்தறதா நெனச்சு வருஷக்கணக்கா பொய் சொல்லிட்டு இருப்பாங்க.

பொம்பளைக் கைதின்னா நெலமை இன்னும் மோசம். ஆம்பள உள்ள போனா பொண்டாட்டி வர்றா, பொண்டாட்டி உள்ள போனா புருஷன் பெரும்பாலும் வர்றதில்ல, நான் நேர்ல பாத்த உண்மை இது. சின்னக் குழந்தை இருந்தா ஆறு வயசு வரைக்கும் அம்மாகூட ஜெயில்ல வச்சுக்கலாம், 2006ல சுப்ரீம் கோர்ட் வழிகாட்டு நெறிகள்ல சொன்னது. ஆறு முடிஞ்சா பிரிச்சு வெளிய அனுப்பணும். ஆயுள் கைதியா இருக்கிற தாய்க்கு முழு தண்டனையிலயும் தேதி உள்ள ஒரே நாள் அந்தப் பிள்ளையோட ஆறாவது பிறந்தநாள். அதைப் பத்தி ஒரு தடவை ஒரு அம்மாகிட்ட கேட்டேன், பதில் சொல்லல, எந்திரிச்சு உள்ள போயிட்டாங்க.

இப்ப அந்த "கட்டிக்கிட்ட வாழ்க்கை"யோட விலை. நன்னடத்தை உள்ளவங்களுக்கு லீவு கிடைக்கும், அம்மா அப்பா சாவுன்னா அவசர விடுப்பு, போலீஸ் எஸ்கார்ட்டோட. அம்மாவுக்கு கொள்ளி வைக்க வந்த ஒருத்தர் சுடுகாட்டுல எஸ்கார்ட் ஏட்டய்யாவ திரும்பித் திரும்பிப் பாத்துட்டே இருந்தாரு. அழல. முடிஞ்சதும் அவரு கேட்ட மொத கேள்வி "சார், நேரமாச்சா?" ஊர்க்காரங்க கல்நெஞ்சுக்காரன்னு பேசினாங்க. உள்ள போய் மூணு மாசம் கழிச்சு ஒரு ராத்திரி, கொட்டடி பூட்டினப்புறம், சத்தம் போட்டு அழுதிருக்காரு, கூட இருந்தவங்க சொன்னாங்க. பதினஞ்சு வருஷமா அழுகைய அடக்கிப் பழகினவனுக்கு நெனச்ச நேரத்துல அது வராது. (அப்படியே இதையும் சொல்லிடறேன், கைதின்னாலே கைவிலங்கு மாட்டிக் காட்டாதீங்க, 1980லயே சுப்ரீம் கோர்ட் அத வழக்கமா பண்ணக்கூடாதுன்னு சொல்லியிருக்கு.)

விடுதலை ஆகி வீட்டுக்கு வந்தவங்கள பாத்தீங்கன்னா, கதவு சாத்தியிருந்தா முன்னாடி போய் நிப்பாங்க. தெறக்க மாட்டாங்க. யாராவது தெறக்கட்டும்னு நிக்கிறதுகூட அவங்களுக்குத் தெரியாது, பதினஞ்சு இருபது வருஷமா கதவுங்கிறது அடுத்தவன் தெறக்கிற சாமான். லைட்ட அணைச்சா தூக்கம் வராது, ஏன்னா உள்ள ராத்திரி பூரா லைட் எரியும். சாயங்காலம் அஞ்சரைக்கே பசிக்கும். ரோட்டக் கடக்க பயப்படுவாங்க, தூரத்துல வர்ற வண்டியோட வேகத்த கண்ணு கணக்குப் போட மறந்திருக்கும். மக கல்யாண வயசுல இருப்பா, இவரு மனசுல அவ இன்னும் ரெண்டு வயசு, அவளுக்கு இவர அப்பான்னு கூப்பிட வாய் வராது, "அவரு சாப்ட்டாரா"ன்னு அம்மாகிட்ட கேப்பா. பொண்டாட்டி அத்தன வருஷம் தனியா முடிவெடுத்து குடும்பத்த ஓட்டினவ, இவரு வந்து சட்டியத் தொட்டாலே அவளுக்கு இடிக்கும். யார் மேலயும் தப்பு இல்ல.

இந்த வெளிய வந்த வாழ்க்கைய பொறுமையா எடுத்த ஒரு சீரியல் சொல்லணும்னா அமெரிக்காவுல வந்த ரெக்டிஃபை, 2013லருந்து 2016 வரைக்கும், நாலு சீசன், 30 எபிசோடு, ரே மெக்கின்னன் உருவாக்கினது. அதுல வர்ற டேனியல் ஆயுள் கைதி இல்ல, ஜார்ஜியாவுல மரண தண்டனைக் கொட்டடியில 19 வருஷம் இருந்துட்டு டிஎன்ஏ ஆதாரத்தால வெளிய வர்றவன். அவன் செஞ்சானா இல்லையாங்கிறத அவசரப்பட்டு சொல்லாம, ஒரு சூப்பர்மார்க்கெட்டுக்குள்ள நடக்கிறதயும் புல்லு மேல படுக்கிறதயும் காட்டிட்டே போவாங்க. உங்கள காப்பி அடிக்கச் சொல்லல, அவங்க நிதானத்த மட்டும் கத்துக்கோங்க. எட்டு எபிசோடுல எட்டு திருப்பம் வைக்காதீங்க.

2007ல இத்தாலியில 310 ஆயுள் கைதிங்க சேந்து ஜனாதிபதிக்கு கடிதம் எழுதினாங்க, எங்க ஆயுள் தண்டனைய மரண தண்டனையா மாத்துங்கன்னு. தினம் தினம் கொஞ்சம் கொஞ்சமா சாகறது அலுத்துப் போச்சுங்கிறதுதான் அவங்க சொன்னது. 2013ல ஐரோப்பிய மனித உரிமைக் கோர்ட், வின்டர் வழக்குல, என்னைக்காவது மறுபரிசீலனை பண்ணுவாங்கங்கிற வாய்ப்பே இல்லாத ஆயுள் மனுஷத்தன்மைக்கு விரோதம்னு தீர்ப்பு சொல்லுச்சு. நம்ம நாட்டுல இப்ப எதிர் திசையிலயும் ஒண்ணு நடக்குது, 2008லருந்து கோர்ட்டே "25 வருஷம், 30 வருஷம், கழிவு கிடையாது"ன்னு எண்ணு போட்டு குடுக்குது, 2015ல அரசியல் சாசன அமர்வும் அத ஏத்துக்கிச்சு. கொடூரம்னு நானும் நெனச்சேன். ஆனா 25 வருஷம்னு வாங்கின என் கட்சிக்காரர் ஒருத்தர் "எண்ணறதுக்கு ஒண்ணு கிடைச்சுதும்மா"ன்னு சொன்னாரு. அதுலருந்து எனக்கே எது கொடூரம்னு உறுதியா சொல்ல முடியல.

இன்னொரு காட்சி இலவசமா தர்றேன். புழல், வேலூர் மாதிரி ஊர்கள்ல சிறைத்துறை நடத்துற பெட்ரோல் பங்க் இருக்கு, நன்னடத்தைக் கைதிங்கதான் வேலை பாக்கறாங்க. பகல் பூரா ரோட்டோரம் நின்னு ஊரான் வண்டிக்கெல்லாம் பெட்ரோல் போட்டுட்டு சாயங்காலம் உள்ள போயிடுவாங்க. சொந்த ஊர்க்காரன் ஒருத்தன் வண்டிய நிறுத்தினா என்ன நடக்கும்னு யோசிச்சுப் பாருங்க.

எழுத உக்கார்றதுக்கு முன்னாடி ஒரு மனு நாள்ல காலைல எட்டு மணிக்கு ஏதாவது ஒரு மத்திய சிறை வாசல் டீக்கடையில போய் உக்காருங்க. பழப்பையோட வயசான அம்மா யாராவது கண்டிப்பா இருப்பாங்க. டீ வாங்கிக் குடுங்க, எந்த ஊரு, பையனுக்கு என்ன பிடிக்கும், எத்தன வருஷமா வர்றீங்கன்னு கேளுங்க, எல்லாம் சொல்லுவாங்க. எப்ப வெளிய வருவான்னு மட்டும் கேக்காதீங்க.